விளக்கடியில் ஒரு பிடி இறக்கை

ரயில்வே கேட்டின் விளக்குக் கம்பத்தடியில் ஐம்பத்து மூன்று வயது மனிதர் ஒருவர் மண்டி போட்டு, சிமென்ட் விரிசலுக்குள் டார்ச் அடித்துப் பார்ப்பது அப்படியொன்றும் கம்பீரமான காட்சி இல்லை. சைக்கிளில் போன இரண்டு பேர் நின்று வேடிக்கை பார்த்தார்கள். தொலைந்தது தங்கம் இல்லை என்று தெரிந்ததும் ஏமாந்துபோய் மிதித்துக்கொண்டு கிளம்பினார்கள்.

"மேடம், என் முட்டி ரெண்டும் சேர்ந்து ராஜினாமா கடிதம் எழுதிக்கிட்டு இருக்கு," என்றார் பிளாஷ்.

"மூணு மணி வரைக்கும் ஏத்துக்க முடியாதுன்னு சொல்லிடுங்க," என்று தோளுக்கு மேலிருந்து பதில் வந்தது.

பதில் சொன்னவர் சல்லடை. அது அப்பா அம்மா வைத்த பெயர் இல்லை. பதினான்கு வருடம் இன்சூரன்ஸ் கம்பெனியில் தீ விபத்துகளைத் துருவிப் பார்க்கும் வேலையில் இருந்தபோது, எரிந்துபோன கிடங்கின் சாம்பலை உண்மையிலேயே சல்லடையில் போட்டுச் சலித்து ஒரு பூட்டின் நாக்கைக் கண்டுபிடித்ததால் ஒட்டிக்கொண்ட பெயர். இப்போது சொந்தமாகத் துப்பறியும் அலுவலகம். ஒரு அறை, மூன்று நாற்காலி, ஒரு பிளாஷ். பிளாஷ் முன்னாள் கல்யாணப் போட்டோகிராபர். மாப்பிள்ளை கண்ணை மூடும் நேரம் பார்த்துத்தான் பிளாஷ் அடிப்பார் என்று பெயரெடுத்து, பிழைப்பு படுத்துவிட்ட பிறகு இங்கே வந்து சேர்ந்தவர். படம் எடுப்பது, ஸ்கூட்டர் ஓட்டுவது, மேடம் சிரிக்காத இடங்களில் தானே சிரித்துக்கொள்வது ஆகிய மூன்றும் அவர் பொறுப்பு.

அன்று சனிக்கிழமை, காலை மணி பத்து. மூன்று மணிக்கு விசாரணை.

நடந்தது இதுதான். திங்கட்கிழமை சாயங்காலம், வருடத்தின் முதல் மழை விட்டு, ஏழரை மணி வாக்கில், ஒரு லாண்டரி வேன் இந்த கேட்டின் மூடியிருந்த குறுக்குக் கம்பியை முறித்துக்கொண்டு தண்டவாளத்துக்குள் போய் ரயிலில் மாட்டியது. வேன் ஓட்டியவன் பிழைத்துக்கொண்டான். பக்கத்தில் உட்கார்ந்திருந்த அவன் மனைவி பிழைக்கவில்லை. கேட் விளக்கு எரியவில்லை, கம்பி மூடியிருந்ததே கண்ணுக்குத் தெரியவில்லை என்று அவன் ஆஸ்பத்திரிக் கட்டிலில் படுத்தபடி வாக்குமூலம் கொடுத்தான். ஆறரை மணிக்கே விளக்கைப் போட்டுவிட்டேன் என்று கேட்கீப்பர் சொன்னான். வேன் இடித்த வேகத்தில் விளக்குக் கம்பம் சாய்ந்து, ஒயர் அறுந்து, பல்பு தூள் தூளாகிவிட்டது. அதற்கு முன்னால் அது எரிந்ததா இல்லையா என்று சொல்ல மூன்றாவது ஆள் இல்லை. ரயில் ஓட்டியவர், தன் என்ஜின் வெளிச்சத்தில் வேறு எந்த வெளிச்சமும் கண்ணில் படவில்லை என்று கையை விரித்துவிட்டார்.

மறுநாள் காலை கேட்கீப்பரை லாக்கப்பில் வைத்தார்கள். விளக்குப் போடாமல் ஒரு உயிரைக் கொன்றவன் என்று இன்று முடிவானால் அவனுக்குச் சிறை. எரிந்தது என்று முடிவானால் வீடு. நடுவில் வேறு எதுவும் கிடையாது.

அவனுக்கென்று இருந்தது ஒரே ஒரு அக்கா. ஆறு வயதிலிருந்து அவனைத் தூக்கி வளர்த்தவள். தண்டவாளத்துக்கு அந்தப் பக்கம் இருக்கும் பேக்கரியில் பதினோரு வருடமாகத் தட்டு கழுவி, தரை துடைத்து, மாவு சலிக்கும் வேலை. வியாழக்கிழமை அவள்தான் இந்தக் கம்பத்தடியில், சிமென்ட் மேடைக்கும் சுவருக்கும் இடையிலுள்ள இடுக்கில், ஒரு பிடி பூச்சி இறக்கைகள் கிடப்பதைக் கண்டு விசாரணை அதிகாரியை அழைத்து வந்து காட்டினாள். அவர் அதை ஒரு உறையில் போட்டு, அரக்கு வைத்து, இந்த இடத்தில் நான் கண்டெடுத்தது என்று அவளிடம் கையெழுத்தும் வாங்கிக்கொண்டார்.

வக்கீலுக்கு வாயெல்லாம் பல். முதல் மழை விட்ட சாயங்காலம் ஈசல் கிளம்பும். கிளம்பிய ஈசல் வெளிச்சம் இருக்கும் இடத்துக்குத்தான் போகும். அங்கே இறக்கையை உதிர்த்துவிட்டுப் போகும். விளக்கடியில் இறக்கை கிடந்தால் விளக்கு எரிந்தது என்று அர்த்தம். இன்று மூன்று மணிக்குப் பூச்சிகளைப் பற்றியே நாற்பது வருடம் பாடம் நடத்திய பேராசிரியர் ஒருவர் வந்து உறையைப் பிரித்து, ஆமாம், ஈசல்தான் என்று சொல்ல வேண்டும். அவ்வளவுதான் பாக்கி. எதற்கும் முன்கூட்டி ஒரு துப்பறிவாளரிடம் காட்டிவிடுங்கள் என்று வக்கீல் சொல்லித்தான் அக்கா சல்லடையிடம் வந்தாள். வரும்போதெல்லாம் பன் கொண்டு வந்தாள். வேண்டாம் வேண்டாம் என்றபடியே பிளாஷ் இரண்டு நாளில் ஏழு தின்றிருந்தார்.

விரிசலுக்குள் அதிகாரியின் கைக்கு எட்டாமல் கொஞ்சம் இறக்கை மிச்சமிருந்தது. சல்லடை இடுக்கியால் ஒவ்வொன்றாக எடுத்து வெள்ளைக் காகிதத்தில் பரப்பினார். பிறகு பையிலிருந்து பூதக்கண்ணாடியை எடுத்துக் குனிந்தார். குனிந்தவர் நிமிரவே இல்லை.

"என்ன மேடம், பூச்சி ஏதாவது கையெழுத்து போட்டிருக்கா?"

பூச்சிக்கு எத்தனை இறக்கை என்று சல்லடை அவரையே கேட்டார். இதென்ன பிரமாதம், பூச்சி என்றாலே நான்கு இறக்கை, பள்ளிக்கூடத்தில் படித்ததுதானே என்றார் பிளாஷ்.

படித்ததில் பாதி தப்பு என்றார் சல்லடை. இரண்டு நாளாக நூலகத்தில் தூசி தட்டிக்கொண்டிருந்தவர் அவர். பேனுக்கு இறக்கை இல்லை. நாயின் மேல் குதிக்கும் தெள்ளுக்கு இல்லை. மூட்டைப்பூச்சிக்கும் இல்லை என்றபோது, அதற்கும் இருந்திருந்தால் போன மாதம் நாம் தங்கிய லாட்ஜில் கட்டிலே பறந்திருக்கும் என்று பிளாஷ் நடுவில் நுழைந்தார். சல்லடை காதில் போட்டுக்கொள்ளாமல் தொடர்ந்தார். ஈக்கும் கொசுவுக்கும் இரண்டே இரண்டு. தும்பி, தேனீ, வண்ணத்துப்பூச்சிக்கு நான்கு. வண்டுக்கும் நான்குதான், ஆனால் மேலே இருக்கும் இரண்டும் பெட்டி மூடி மாதிரி கெட்டியானவை. வேலை செய்கிற எறும்புக்கு ஆயுள் முழுக்கக் கிடையாது. எறும்புக் கூட்டத்தில் ஆணுக்கும் ராணிக்கும் மட்டும் உண்டு, அதுவும் கல்யாண நாளுக்காக.

"வாடகை கோட்டு மாதிரி," என்றார் பிளாஷ், தொழில் அனுபவத்தில்.

கரையானும் அப்படித்தான் என்றார் சல்லடை. இறக்கை முளைத்த கரையான்தான் ஈசல். அது மண்ணிலிருந்து கிளம்பி, வெளிச்சத்தைச் சுற்றிவிட்டு, ஜோடி கிடைத்ததும் நான்கு இறக்கையையும் தானே உதிர்த்துவிட்டு நடந்து போய்விடும். அந்த நான்கும் ஒரே நீளம், ஒரே அகலம். நீளமாக, புகை படிந்த கண்ணாடி நிறத்தில் இருக்கும்.

சொல்லிவிட்டுக் காகிதத்தை பிளாஷ் பக்கம் நகர்த்தினார். பிளாஷ் கண்ணைச் சுருக்கிக்கொண்டு பார்த்தார். குட்டையாக, முக்கோணமாக, தெளிவாகச் சில. பழுப்பாக, கெட்டியாக ஒன்று. தொட்டதும் விரலில் பொடி ஒட்டிய இரண்டு. நீளமாக, புகை நிறத்தில் ஒன்றுகூட இல்லை.

"விளக்குன்னா நாலு தினுசு பூச்சியும் வரத்தான் மேடம் செய்யும். ஈசலுக்கு மட்டும்தான் அனுமதின்னு போர்டா வெச்சிருக்காங்க?"

"அந்துப்பூச்சி வரும், ஒத்துக்கறேன். ஆனா இதுல முக்கால்வாசி ஈயோட றெக்கை. பொழுது சாஞ்சா ஈ போய் உக்காந்துடும், விளக்குக்கு வராது. அப்படியே வழி தவறி வந்தாலும் றெக்கையைக் கழட்டி வெச்சிட்டுப் போகாது. அந்தப் பழக்கம் அதுக்கு இல்ல. இதோட அடியைப் பாருங்க."

பிளாஷ் பார்த்தார். ஒவ்வொரு இறக்கையும் உடம்போடு ஒட்டியிருந்த நுனியில் கறுத்துச் சுருண்டிருந்தது. கருகியிருந்தது. காகிதத்தை லேசாகச் சாய்த்தபோது இறக்கைகளோடு கொஞ்சம் வெள்ளைப் பொடியும் சரிந்தது. சல்லடை அதைச் சுண்டுவிரலில் தொட்டு நாக்கில் வைத்தார். பிளாஷ் முகத்தைச் சுளித்தார்.

"மைதா," என்றார் சல்லடை.

இதற்கு மேல் விளக்கம் எதுவும் வேண்டியிருக்கவில்லை. பன் அடுக்கிய கண்ணாடி அலமாரிக்கு மேலே, சுவரில், நீல வெளிச்சத்தோடு ஒரு பெட்டி தொங்குவதை பிளாஷ் பல தடவை பார்த்திருக்கிறார். உள்ளே மின்சாரக் கம்பி. ஈ போய் மோதினால் சட்டென்று ஒரு சத்தம், அடியில் ஒரு தட்டு. அவருக்கு ஏழு பன்னும் ஒரே நேரத்தில் ஞாபகம் வந்தன.

பேக்கரிக்குள் அடுப்புச் சூடு முகத்தில் அறைந்தது. அக்கா இல்லை. விசாரணைக்காக லீவு போட்டுவிட்டுக் காலையிலேயே போய்விட்டாளாம். மாவு பிசைந்துகொண்டிருந்த மாஸ்டர் நீலப் பெட்டியைக் காட்டச் சொன்னதும் சந்தேகமாகப் பார்த்தார், சுகாதார இலாகாவோ என்று. இல்லை என்று தெரிந்ததும் நாக்கு இளகிவிட்டது. பெட்டியின் தட்டைத் தினமும் கொட்டிக் கழுவுவது அந்தம்மாதான், அவளைப் போல சுத்தம் யாருக்கும் வராது என்று சர்டிபிகேட் கொடுத்தார். புதன்கிழமை மட்டும் அவள் தட்டைக் குப்பையில் கொட்டவில்லை. பின்கட்டு மேஜையில் காகிதம் விரித்துக் கவிழ்த்து, மாவில் புழு பொறுக்குவது மாதிரி உட்கார்ந்து, உடம்பையெல்லாம் தள்ளிவிட்டு இறக்கையை மட்டும் தனியாகப் பொறுக்கிக்கொண்டிருந்தாள்.

"எதுக்கும்மான்னு கேட்டேன். கோழிக்குன்னாங்க," என்றார் மாஸ்டர்.

"கோழி வளக்கறாங்களா?"

"அதான் எனக்கும் தெரியல."

வெளியே வந்ததும் பிளாஷுக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. யார் மேல் கோபம் என்று அவருக்கே பிடிபடவில்லை. விளக்கு எரிந்திருந்தால் பொய் இறக்கை எதற்கு? தம்பி விளக்கைப் போடவில்லை, அக்காவுக்கு அது தெரியும், தெரிந்துகொண்டே நம்மையும் ஏமாற்றிவிட்டாள் என்று ஸ்கூட்டரை உதைத்தபடி பொரிந்து தள்ளினார். சல்லடை பின்னால் ஏறி உட்கார்ந்துகொண்டு லாக்கப்புக்குப் போகச் சொன்னார். போகும் வழியில் ஒரே ஒரு நிபந்தனை போட்டார். அங்கே நம் இருவர் வாயிலிருந்தும் இறக்கை என்ற சொல்லோ ஈசல் என்ற சொல்லோ வரக்கூடாது.

கேட்கீப்பருக்கு இருபத்தொன்பது வயது. பார்த்தால் இன்னும் குறைவாகத் தோன்றும். கம்பிக்குப் பின்னால் கைகட்டி நின்றான். தன்னைப் பற்றி எதுவும் கேட்கவில்லை. கேட்டில் இப்போது யார் டியூட்டி என்று கேட்டான். இடது பக்கச் சங்கிலி பாதியில் சிக்கும், லேசாகத் தூக்கி இழுக்க வேண்டும், புது ஆளுக்கு அது தெரியுமா என்று கேட்டான். சொல்லிவிடுகிறோம் என்றார் சல்லடை.

அக்கா புதன்கிழமை வந்து பார்த்தாளாம். அழுதாளாம். சாப்பிடு என்றாளாம். வேறெதுவும் சொல்லவில்லை. வக்கீல் இன்னும் இவனிடம் வரவே இல்லை. சல்லடை இதையெல்லாம் நிதானமாகக் கேட்டு முடித்துவிட்டு, விபத்து நடந்த மறுநாள் காலை விடிந்ததிலிருந்து என்னென்ன செய்தாய், ஒன்று விடாமல் சொல் என்றார்.

அவன் ஒன்று விடாமல் சொன்னான். நொறுங்கிய வேனையும் தண்டவாளத்தையும் படம் பிடித்துவிட்டு ஐந்து மணிக்குப் போலீஸ் போனது. ஐந்தரைக்கு இலாகாவிலிருந்து போன் வந்தது, ஒன்பது மணிக்குப் பெரிய அதிகாரிகள் வருகிறார்கள் என்று. அதிகாரிகள் வருகிறார்கள் என்றால் கேட்கீப்பர் செய்ய வேண்டியது என்ன என்பது ஒன்பது வருடத்தில் அவன் ரத்தத்திலேயே ஊறிப்போயிருந்தது. கேட்டைச் சுற்றி ஒரு காகிதத் துண்டு கிடந்தாலும் மெமோ வரும். ராத்திரி முழுக்கத் தூங்காத கண்ணோடு துடைப்பத்தை எடுத்தான்.

"கண்ணாடித் தூள்கூட சீக்கிரம் வந்துடுச்சு மேடம். இந்த ஈசல் றெக்கைதான் உயிரை எடுத்துடுச்சு. ஈரத்துல அப்படியே சிமென்ட்டோட ஒட்டிக்கிச்சு. தள்ளத் தள்ள தொடப்பத்துலயே ஒட்டிக்கிட்டு வருது. ரெண்டு கை நிறைய அள்ளலாம், அவ்வளவு. கடைசியில நாலு வாளி தண்ணி ஊத்தி சாக்கடையில தள்ளினேன்."

பிளாஷ் சல்லடையைப் பார்த்தார். சல்லடையின் முகத்தில் ஒன்றும் தெரியவில்லை. பையின் வாரை மட்டும் இறுக்கிப் பிடித்திருந்தார்.

"எந்த இடத்துல அவ்வளவு கிடந்தது?"

"விளக்கடியிலதான். வேற எங்க வரும்?"

அவன் அதைச் சொன்ன விதத்தில் கெட்டிக்காரத்தனம் துளியும் இல்லை. வேலையில் ஏற்பட்ட ஒரு தொல்லையைச் சொல்லிக் குறைபட்டுக்கொள்கிற குரல். தன்னைக் காப்பாற்றக்கூடிய ஒரே சாட்சியைத் தானே துடைப்பத்தால் தள்ளி, நான்கு வாளித் தண்ணீர் ஊற்றிக் கழுவிவிட்ட விஷயம் அவனுக்கு இந்த நிமிடம் வரை தெரியாது. இருவரும் சும்மா நிற்பதைப் பார்த்து அவன் முகம் மாறியது.

"ஏன் மேடம், கூட்டினது தப்பா?"

பிளாஷ் சுவரில் மாட்டியிருந்த காலண்டரில் தேதியைப் படிக்க ஆரம்பித்தார்.

"இல்லப்பா," என்றார் சல்லடை. "தப்பில்ல."

வாசலுக்கு வந்ததும் பிளாஷுக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. துடைப்பம், என்றார். துடைப்பத்தில் நான்கு இறக்கையாவது ஒட்டிக்கொண்டிருக்கும். ஸ்கூட்டரை விரட்டிக்கொண்டு மறுபடி கேட்டுக்குப் போனார்கள். புது கேட்கீப்பர், தான் வந்த அன்றே பழைய துடைப்பத்தைத் தூக்கிப்போட்டுவிட்டுப் புதிது வாங்கிவிட்டதாகப் பெருமையோடு சொன்னார். சாக்கடை, என்றார் பிளாஷ். செவ்வாய்க்கிழமை மதியம் கொட்டிய மழையில் சாக்கடை கழுவிவிட்டாற்போல் இருந்தது. கம்பம், என்றார். நிமிர்த்தி நட்ட கையோடு கம்பத்துக்கு அடி முதல் நுனி வரை வெள்ளிப் பூச்சு அடித்திருந்தார்கள். தெருவிலுள்ள வீடுகளின் வாசல் விளக்குகளிலாவது அன்றைய ஈசல் ஒட்டிக்கொண்டிருக்குமா என்று பார்த்தார். இருந்தாலும் அது அந்த வீட்டு விளக்கு எரிந்ததற்குத்தான் சாட்சி. சங்கிலி விஷயத்தை மட்டும் புது ஆளிடம் மறக்காமல் சொன்னார்கள்.

மணி இரண்டேகால். பிளாஷ் ஸ்கூட்டரில் சாய்ந்துகொண்டு, யோசனைகளை ஒவ்வொன்றாக எடுத்து நீட்டினார். நாம் வாயை மூடிக்கொண்டு இருந்துவிட்டால்? அவன் நிரபராதி என்பது உறுதி, இறக்கை பொய்யாக இருந்தால் என்ன, முடிவு சரியாக இருந்தால் போதாதா? பேராசிரியருக்குப் பார்வை மங்கலாக இருக்கக்கூடாதா? நாற்பது வருடம் இறக்கையைப் பார்த்தவருக்குப் பூதக்கண்ணாடிகூட வேண்டாம், தடவிப் பார்த்தே சொல்லிவிடுவார் என்றார் சல்லடை. உறையை மாற்ற முடியாது, அரக்கு முத்திரை. சரி, கேட்கீப்பர் கூட்டித் தள்ளிய கதையை உள்ளே போய்ச் சொன்னால்?

"அந்த உறை இல்லைன்னா அதுக்கு ஒரு மதிப்பு இருந்திருக்கும். யாரும் கேக்காமலேயே அவனா சொன்னான்னு நானே சாட்சி சொல்லியிருப்பேன். இப்ப அந்த உறை இருக்கு. அக்கா ஈ றெக்கையைக் கொண்டுவந்து வெச்சா, தம்பி ஈசல் றெக்கையைக் கூட்டினேன்னு சொல்றான், ரெண்டு பேரும் பேசி வெச்சிக்கிட்டாங்கன்னுதான் சொல்லுவாங்க. நானா இருந்தாலும் அப்படித்தான் சொல்லுவேன்."

பிளாஷ் ஸ்கூட்டரை உதைத்துக் கிளப்பினார். இவ்வளவு வருடத்தில் எத்தனையோ கேஸில் உண்மை கிடைக்காமல் தலையில் கை வைத்து உட்கார்ந்திருக்கிறார்கள். உண்மை முழுசாகக் கையில் இருந்தும் அதை எங்கே வைப்பது என்று தெரியாமல் நின்றது இல்லை.

விசாரணைக் கூடத்தின் வராந்தாவில் நீளமாக ஒரு பெஞ்சு. அக்கா அதன் ஓரத்தில், எழுந்து போகச் சொன்னால் உடனே எழ வசதியாக, பாதி உட்கார்ந்தும் உட்காராமலும் இருந்தாள். இஸ்திரி போட்ட புடவை. இவர்களைப் பார்த்ததும் எழுந்து நின்றாள். எல்லாம் சரியாக இருக்கிறதா என்று கேட்டாள்.

சல்லடை அவளை உட்காரவைத்துப் பக்கத்தில் உட்கார்ந்தார். பேக்கரிக்குப் போய்விட்டு வந்தோம் என்றார். அதற்கு மேல் அவர் சொல்ல வேண்டியிருக்கவில்லை. அக்காவின் முகம் வெளிறிப்போனது.

அவள் மறுக்கவில்லை. தலையைக் குனிந்துகொண்டு, எல்லாம் பூச்சி றெக்கைதானே, அதில் இத்தனை வித்தியாசம் இருக்கும் என்று யார் கண்டார்கள் என்று முணுமுணுத்தாள். உடம்பெல்லாம் அசிங்கமாக இருக்குமே என்று பார்த்துப் பார்த்துப் பொறுக்கினேன் என்றாள். இப்போது உள்ளே போய் என்ன சொல்வது என்று கேட்டாள்.

கண்டெடுத்தேன் என்று சொன்னால் பொய்ச் சாட்சி, பேராசிரியர் ஒரே நிமிடத்தில் உடைத்துவிடுவார், உனக்கும் சேர்த்து ஜெயில். வைத்தேன் என்று சொன்னால் தம்பி குற்றவாளி என்று அக்காவே ஒப்புக்கொண்ட மாதிரி. சல்லடை இரண்டையும் மறைக்காமல் சொன்னார்.

"இதுல எதைச் சொல்லணும்னு நீங்களே சொல்லுங்க மேடம்."

"எனக்குத் தெரியலைம்மா," என்றார் சல்லடை.

பிளாஷுக்குத் தாங்கவில்லை. கொஞ்சம் உரத்தே கேட்டுவிட்டார், ஏம்மா இப்படிச் செய்தாய், யார் கேட்டார்கள் உன்னை என்று. அக்கா அவரை நிமிர்ந்து பார்த்தாள். கண்ணில் தண்ணீர் இல்லை, காய்ந்துபோயிருந்தது.

"அன்னைக்குக் காலையில அவனைக் கூட்டிட்டுப் போறாங்கன்னு சொன்னதும் ஓடி வந்தேன் சார். வழியெல்லாம் ஒவ்வொரு வீட்டு விளக்கடியிலயும் ஈசல் றெக்கை, காலை வெக்க முடியல. கேட்டுக்கு வந்தா விளக்கடி பளிச்சுன்னு இருந்தது. ஒண்ணுகூட இல்ல. அப்பவே எனக்குத் தெரிஞ்சுபோச்சு, இவன் விளக்கைப் போடலைன்னு. அப்புறம் வக்கீல் சொன்னாரு, அங்க மட்டும் றெக்கை கிடந்திருந்தா தப்பிச்சிருப்பான்னு. நான் வளத்த பிள்ளை சார். என்ன பண்ணச் சொல்றீங்க?"

சல்லடை கண்ணாடியைக் கழற்றி, துடைக்காமலேயே மறுபடி போட்டுக்கொண்டார். சொல்லாமல் விட்டுவிடலாமா என்று அவர் யோசிப்பது பிளாஷுக்குத் தெரிந்தது. சொல்லாமல் விடுவது அவருக்குப் பழக்கம் இல்லை.

"அங்க றெக்கை இருந்ததும்மா. ரெண்டு கை நிறைய. அதிகாரிங்க வர்றாங்கன்னு காலையில உன் தம்பி கூட்டி, தண்ணி ஊத்திக் கழுவிட்டான். நாங்க எதுவும் கேக்கல, அவனாவே சொன்னான்."

அக்கா அவர் முகத்தையே பார்த்தாள். சொன்னது புரியவில்லையோ என்று பிளாஷ் நினைத்தார்.

"அப்ப அவன் நிஜமாவே விளக்கைப் போட்டிருந்தானா?"

"போட்டிருந்தான்."

"என்கிட்ட நாலு தடவை சொன்னான் மேடம். அக்கா நான் போட்டேன்கா, போட்டேன்கான்னு. நான் சரிப்பா, சரிப்பான்னு தலையை ஆட்டினேன்."

உள்ளிருந்து ஆள் வந்து, இறக்கையைக் கண்டெடுத்த பெண் யார், வரலாம் என்று கூப்பிட்டான். அக்கா எழுந்தாள். புடவையின் மடிப்பை நீவிவிட்டாள். இரண்டடி நடந்தவள் திரும்பி வந்து சல்லடையின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"ஜெயில்னா நான் போறேன் மேடம், பரவால்ல. ஆனா நான் நம்பலைங்கிறது மட்டும் அவனுக்குத் தெரிய வேண்டாம்."

கேட்கீப்பரைப் பின்வாசல் வழியாகக் கொண்டுவந்து முன்வரிசையில் உட்கார வைத்து ஐந்து நிமிடம் ஆகியிருந்தது. திறந்த கதவு வழியாக அவன் பிடரி பிளாஷுக்குத் தெரிந்தது. அவள் உள்ளே எதைச் சொன்னாலும் முதலில் விளங்கப்போவது அவனுக்குத்தான், அவளிடம் அதைச் சொல்ல அவருக்கு வாய் வரவில்லை. அவள் உள்ளே போனாள்.